நூலகர் தொழில்: அன்றும் இன்றும்

(நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)

 

ஆண்டு விழாவில் பேசுவோர் குறளையோ கம்பனையோ எடுத்துக்கொள்வது வழக்கம். நம் செயலாளர் அவர்களோ, "பன்னிரண்டு ஆண்டுகளாகச் சங்க நூலகத்தின் சாவி உங்களிடந்தானே இருக்கிறது, நூலகத்தைப் பற்றியே பேசுங்கள்" என்று கட்டளையிட்டு விட்டார்கள். சாவியை வைத்திருப்பதனால் மட்டும் ஒருவன் நூலகன் ஆகிவிடுவதில்லை என்பதை யாம் இவ்வாண்டுதான் உணர்ந்தோம். அது எவ்வாறு நேர்ந்தது என்பதையும், கல்லூரிகளிலும் பல்கலைக் கழகங்களிலும் நூலகராய் இருப்போரின் தொழில் நம் நாட்டில் எப்படித் தோன்றி எப்படி மாறி வந்துள்ளது என்பதையும் இன்று சொல்ல விழைகின்றோம். பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திக்கொண்ட பார்சல் ஆபீஸ் குமாஸ்தாவுக்குப் பல்கலைக் கழக நூலகத்தைப் பற்றி என்ன தெரியும் என்று நீங்கள் எண்ணக்கூடும். எம் தந்தையார் பணியில் இருக்கும்போதே காலமானார். அதனால் எமக்கு இரயில்வேயில் வேலை கிடைத்தது. கல்லூரிப் படியை மிதிக்கவில்லை. அதனாலேயே இவ்விஷயத்தில் எமக்கு அக்கறை சற்று மிகுதி.

எம் மூத்த மகள் இவ்வாண்டு பி.எஸ்ஸி. தேறினாள். அடுத்து நூலக அறிவியல் படிக்கப் போவதாகச் சொன்னாள். வீட்டில் பெரிய வாதம் மூண்டது. எம் தாயார், "புத்தகம் எடுத்துக் கொடுக்கிற வேலைக்கு ஒரு படிப்பா?" என்று வியந்தார்கள். எம் மைத்துனரோ, "எல்லாம் கைப்பேசியில் வந்துவிட்ட காலத்தில் நூலகர் யாருக்கு வேண்டும்? மாமா, ஓடாத வண்டிக்கு டிக்கெட் வாங்கித் தராதீர்கள்" என்றார். எமக்கும் அவர் சொன்னது சரியென்றே அப்போது தோன்றியது. மகள் எவருக்கும் மறுமொழி கூறவில்லை. "அப்பா, சங்க நூலகத்தின் சாவியை ஒரு மாதத்துக்கு என்னிடம் கொடுங்கள்" என்று மட்டும் கேட்டாள், கொடுத்தோம். அவள் அங்கே கண்டதைப் பின்னர்ச் சொல்கின்றோம். முதலில் இத்தொழிலின் வரலாற்றைச் சிறிது பார்ப்போம்.

நம் நாட்டில் நூலகர்க்குப் பயிற்சி வேண்டும் என்று முதலில் செயலிற் காட்டியவர் பரோடா மன்னர் மூன்றாம் சாயாஜிராவ் கெய்க்வாட் ஆவார். அமெரிக்காவிலிருந்து போர்டன் என்னும் வல்லுநரை வரவழைத்து 1911ஆம் ஆண்டில் பயிற்சி வகுப்பைத் தொடங்கினார். அடுத்து 1915இல் இலாகூரில், பஞ்சாப் பல்கலைக் கழகத்தில், டிக்கின்சன் என்னும் மற்றோர் அமெரிக்கர் வகுப்பு நடத்தினார். இவையெல்லாம் தொடக்கங்களே. கல்லூரி நூலகர் என்றால் அக்காலத்தில் பெரும்பாலும் காவற்காரர் என்றே பொருள். அலமாரிகள் பூட்டியிருக்கும், மாணவன் வெளியே நின்று சீட்டு எழுதித் தருவான், உள்ளே இருப்பவர் தேடி எடுத்து வருவார், அல்லது இல்லை என்பார். எம் தாயார் கேட்ட கேள்வி அக்காலத்திற்கு முற்றிலும் பொருந்தும்.

இந்நிலையை மாற்றியவர் ஒரு தமிழர். சீர்காழியில் 1892ஆம் ஆண்டு பிறந்த எஸ். ஆர். அரங்கநாதன், சென்னை மாநிலக் கல்லூரியில் கணித ஆசிரியராக இருந்தார். சென்னைப் பல்கலைக் கழகம் தன் முதல் நூலகரைத் தேடியபோது, நூலகத் தொழிலைப் பற்றி ஏதும் அறியாதவராகவே அவர் விண்ணப்பித்தார். ஆசிரியப் பணியை விட அதில் ஊதியம் கூடுதல். 1924ஆம் ஆண்டு சனவரியில் பொறுப்பேற்றார். ஏற்ற சில நாட்களிலேயே அவருக்குச் சலிப்புத் தட்டிவிட்டது. வகுப்பறையில் மாணவர் கூட்டத்தின் நடுவே இருந்தவர், ஆளரவம் இல்லாத அறையில் தனியே உட்கார முடியாமல், பழைய வேலைக்கே திரும்ப வேண்டும் என்று மன்றாடினார். இலண்டனுக்குச் சென்று இத்தொழிலைக் கற்று வரட்டும். அதன் பின்னும் பிடிக்கவில்லை என்றால் பழைய இடத்திற்கே வரலாம் என்று ஒரு முடிவு செய்யப்பட்டது. நம்மில் எத்தனை பேர் சேர்ந்த முதல் வாரத்தில் ஊருக்குத் திரும்பிவிட எண்ணினோம்! அவர்க்கும் அப்படித்தான் இருந்திருக்கிறது என்பதில் எமக்கு ஒரு சிறு ஆறுதல்.

இலண்டனில் பல்கலைக் கழகக் கல்லூரியின் நூலகப் பள்ளியில் பயின்றார். நூற்றுக்கு மேற்பட்ட நூலகங்களைச் சுற்றிப் பார்த்தார். அங்கே ஒரு பெரிய கடையில், துளையிட்ட உலோகப் பட்டைகளையும் திருகாணிகளையும் கொண்டு குழந்தைகள் வண்டி, பாலம், பாரந்தூக்கி என்று விரும்பியதைச் செய்து பார்க்கும் விளையாட்டுப் பெட்டியைக் கண்டார். ஒரே துண்டுகள் சேர்க்கைக்கு ஏற்பப் பல உருவங்கள் ஆகின்றனவே, நூலின் பொருளையும் இவ்வாறே சிறு கூறுகளாகப் பிரித்து வேண்டியவாறு இணைத்துக் குறியிடலாமே என்ற எண்ணம் அவருக்கு அங்கேதான் தோன்றியது. முக்காற் புள்ளியால் கூறுகளை இணைக்கும் அம்முறை, கோலன் பகுப்பு முறை என்ற பெயரில் 1933இல் நூலாக வெளிவந்தது.

இதன் அருமை பார்சல் ஆபீஸில் இருப்போர்க்கு எளிதில் விளங்கும். ஒரு மூட்டையில் என்ன இருக்கிறது, எங்கிருந்து வந்தது, எவருக்குப் போக வேண்டும் என்பதெல்லாம் லேபிளையும் வே பில்லையும் பொறுத்தது. லேபிள் அறுந்துபோன மூட்டைக்குள் தங்கமே இருந்தாலும் அது கேட்பாரற்ற சரக்குத்தான். நாட்கள் கடந்தால் ஏலத்துக்குப் போகும். குறியிடப்படாத நூலும் அத்தகையதே. நூலகத்தில் இருக்கும், ஆனால் இல்லை.

அரங்கநாதன் திரும்பி வந்த பிறகு கணிதத்தை நினைக்கவில்லை. அலமாரிகளைத் திறந்துவிட்டார், மாணவர் தாமே உள்ளே சென்று நூல்களைத் தொட்டுப் பார்த்து எடுக்க வழி செய்தார். 1928இல் சென்னை நூலகச் சங்கம் தோன்ற முன்னின்றார். 1931இல் அவர் வெளியிட்ட ஐந்து விதிகள் இன்றும் உலகெங்கும் நூலக மாணவர்க்கு முதற் பாடம். நூலைப் பூட்டிக் காப்பதை விடுத்து, அதற்கு உரியவரைத் தேடிச் சேர்ப்பதும், அவருடைய நேரம் வீணாகாமற் பார்ப்பதும் நூலகரின் கடமை என்பது அவற்றின் சாரம். காவற்காரர் அன்றே ஆசிரியராகிவிட்டார் என்று கொள்ளலாம். ஊர் நம்புவதற்குத்தான் நெடுங்காலம் ஆயிற்று.

பயிற்சியும் அவரிடமிருந்தே உருப்பெற்றது. 1929ஆம் ஆண்டுக் கோடையில் சென்னை நூலகச் சங்கம் ஒரு வகுப்பைத் தொடங்கிற்று. 1931இல் பல்கலைக் கழகம் அதனை ஏற்றுக்கொண்டது. 1937இல் அது பட்டதாரிகளுக்கான ஓராண்டு டிப்ளமோ ஆயிற்று. பின்னர் அவர் காசிக்கும், அதன்பின் தில்லிக்கும் சென்று பணியாற்றினார். தில்லியில் முதுநிலைப் பட்டமும் முனைவர் பட்டமும் இத்துறைக்கு வந்தன. 1962இல் பெங்களூரில் ஆவண ஆய்வு பயிற்சி மையத்தை நிறுவினார். தம் சேமிப்பிலிருந்து ஓர் இலட்சம் ரூபாயை, தம் துணைவியார் சாரதா அம்மையாரின் பெயரால் பேராசிரியர் பதவி ஒன்று அமைக்கச் சென்னைப் பல்கலைக் கழகத்திற்கு அளித்தார். 1972இல் மறைந்தார். அவருடைய பிறந்த நாளாகப் பதிவேட்டில் உள்ள ஆகஸ்டு 12 நூலகர் நாளாகக் கொண்டாடப்படுகின்றது. சீர்காழிக்காரர் ஒருவர் காசியிலும் தில்லியிலும் பெங்களூரிலும் இத்துணை செய்தார் என்பதை, ஊர் விட்டு ஊர் வந்து பிழைக்கும் நம் பிள்ளைகள் அறிந்திருப்பது நன்று.

ஊதியத்தின் கதை வேறு. பல்கலைக் கழக மானியக் குழு 1957ஆம் ஆண்டில் அரங்கநாதன் தலைமையில் நூலகக் குழு ஒன்றை அமைத்தது. ஆசிரியர்க்கு நிகரான ஊதியமும் தகுதியும் நூலகர்க்கு வேண்டும் என்று அக்குழு வற்புறுத்தியது. இன்று விதிகளின்படி உதவி நூலகர் உதவிப் பேராசிரியர்க்கும், பல்கலைக் கழக நூலகர் பேராசிரியர்க்கும் சமம். அதற்கேற்ப நுழைவாயிலும் குறுகிவிட்டது. முதுநிலைப் பட்டம், அதில் நூற்றுக்கு 55 மதிப்பெண், அதன் மேல் தேசியத் தகுதித் தேர்வு அல்லது முனைவர் பட்டம் என்று கேட்கின்றார்கள். ஏட்டில் இவ்வாறு இருக்க, நடப்பில் பல கல்லூரிகளில் நூலகர் இடம் காலியாகவே கிடக்கின்றது; அல்லது தொகுப்பூதியத்தில் ஆண்டுக்கு ஆண்டு ஆளை நீட்டிக்கின்றார்கள். எம் மகள் படித்த கல்லூரியின் நூலகர் அம்மையார் எல்லாத் தகுதிகளும் உடையவர். ஒன்பது ஆண்டுகளாக ஒப்பந்தத்திலேயே இருக்கின்றார். கல்லூரியின் பெயர் வேண்டா. மகள் இத்தொழிலை நாடக் காரணமானவரும் அவரே. இதில் உள்ள இடரை மறைக்காமல் எடுத்துச் சொன்னவரும் அவரே.

அந்த அம்மையாரைக் காண யாம் ஒருநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு சென்றோம். தந்தை என்ற முறையில் கேட்க வேண்டியதைக் கேட்டோம். "அம்மா, நூல் எடுத்துக் கொடுக்க நாளில் எவ்வளவு நேரம் ஆகும்?" அவர் சிரித்து, ஒரு மணி நேரம்கூட ஆகாது என்றார். நூற்பட்டியல் முழுவதும் கோஹா என்னும் இலவச மென்பொருளில் ஏறியிருக்கின்றது. ஆய்விதழ்கள் பெரும்பாலும் அச்சில் வருவதில்லை. கணினி வழியே வருகின்றன. புதிய மாணவர்க்குத் தேடும் முறையைக் கற்பிப்பதும், வீட்டிலிருந்து படிப்போர்க்கு வழி திறந்து விடுவதும், ஆசிரியர்களின் ஆய்வுக் கட்டுரைகளைத் தொகுத்துக் கணக்குக் காட்டுவதும் அவருடைய அன்றாட வேலைகள்.

பல்கலைக் கழகங்களில் இன்னும் ஒரு பொறுப்புச் சேர்ந்துள்ளது. 2009ஆம் ஆண்டு விதிகள் வந்தது முதல் முனைவர் பட்ட ஆய்வேடுகளை மின்வடிவில் அளிக்க வேண்டும். அவை குஜராத்தில் உள்ள இன்ஃப்ளிப்நெட் மையத்தின் சோத்கங்கா என்னும் களஞ்சியத்தில் எவரும் படிக்கக் கிடைக்கின்றன. 2018ஆம் ஆண்டில் கருத்துத் திருட்டைத் தடுக்கும் விதிகள் வந்தன. ஆய்வேட்டில் பிறர் எழுத்தோடு ஒத்திருக்கும் பகுதி நூற்றுக்குப் பத்து வரை இருந்தால் தண்டனை இல்லை. நாற்பது வரை இருந்தால் திருத்தித் தர வேண்டும். அறுபதைத் தாண்டினால் ஆய்வு மாணவரின் பதிவே நீக்கப்படும். அந்தச் சோதனையை நடத்திச் சான்று தருவது பல இடங்களில் நூலகத்தின் வேலை. ஒரு காலத்தில் புத்தகத் திருடனைப் பிடித்தவர் இன்று எழுத்துத் திருடனைப் பிடிக்கின்றார்!

எம் மைத்துனரின் கேள்வியையும் அம்மையாரிடம் வைத்தோம். அவர் ஒரு நிகழ்ச்சியைச் சொன்னார். கேட்டதற்கு விடை எழுதித் தரும் கணினி நிரல்கள் இப்பொழுது வந்துள்ளன அல்லவா? ஒரு மாணவன் அவ்வாறு பெற்ற பட்டியலோடு வந்து நான்கு கட்டுரைகளைக் கேட்டான். ஆசிரியர் பெயர், இதழின் பெயர், ஆண்டு, பக்கம் எல்லாம் ஒழுங்காக இருந்தன. அரை நாள் தேடிய பின், இரண்டு கட்டுரைகள் உலகில் எங்குமே எழுதப்படவில்லை என்று தெரிந்தது. இருப்பதைத் தேடித் தருவது பழைய வேலை, இல்லாததை இல்லை என்று நிறுவுவது புதிய வேலை என்றார் அம்மையார். போலி வே பில்லோடு சரக்குக் கேட்டு வருவோரை யாமும் கண்டிருக்கின்றோம். கையெழுத்தும் முத்திரையும் எவ்வளவு அழகாக இருக்கும் தெரியுமா!

நூல் தொலைந்தால் நூலகரின் ஊதியத்தில் பிடிக்கும் கொடுமை முன்பு பல இடங்களில் இருந்தது. அந்த அச்சத்தினாலேயே பலர் அலமாரியைத் திறக்காமல் இருந்தனர். மத்திய அரசின் 2017ஆம் ஆண்டுப் பொது நிதி விதிகளில் 215ஆம் விதியைப் பாருங்கள். ஓராண்டில் வழங்கப்பட்டும் அங்கேயே படிக்கப்பட்டும் கையாளப்பட்ட ஆயிரம் நூல்களுக்கு ஐந்து நூல்கள் குறைவது, நேர்மையின்மையோ கவனக் குறைவோ இல்லாதவரை, இயல்பென்று கொள்ளலாம் என்கின்றது. ஆயிரம் ரூபாய்க்கு மேற்பட்ட நூலும் அரிய நூலும் தொலைந்தால் கட்டாயம் விசாரணை உண்டு. சரக்குக் குறைவுக்கு விளக்கம் எழுதியே தலை நரைத்த எமக்கு இவ்விதியைப் படித்தபோது பொறாமையாக இருந்தது.

இனி நம் ஊருக்கு வருவோம். கரக்பூரில் வாழும் நாம் ஒவ்வொரு நாளும் கடந்து செல்லும் ஹிஜ்லியில், ஆங்கிலேயர் அரசியல் கைதிகளை அடைத்து வைத்த முகாம் இருந்தது. 1931ஆம் ஆண்டு செப்டம்பர் 16ஆம் நாள் அங்கே காவலர் சுட்டதில் சந்தோஷ் குமார் மித்ரா, தாரகேசுவர் சென்குப்தா என்னும் இருவர் உயிர் நீத்தனர். சென்னையில் ஐந்து விதிகள் வெளிவந்த அதே ஆண்டு. இருபது ஆண்டுகள் கழித்து, 1951இல், அந்தச் சிறைக் கட்டடத்திலேயே நாட்டின் முதல் ஐ.ஐ.டி. தொடங்கப்பட்டது, அதன் நூலகமும் அங்கே ஒரு சிறிய அறையில்தான் பிறந்தது. இன்று அந்நிறுவனம் இந்திய தேசிய மின்னூலகத்தை உருவாக்கி நடத்துகின்றது. 2018ஆம் ஆண்டு சூன் 19ஆம் நாள் அது நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பெற்றது. பெரும்பாலும் நூல்களைத் தன்னிடம் குவித்து வைக்காமல், எந்தக் களஞ்சியத்தில் எது இருக்கின்றது என்னும் விவரத்தைத் திரட்டி வைத்து, தேடுவோர்க்கு வழி காட்டுகின்றது. பெயரைப் பதிந்துகொண்டால் எவரும் நுழையலாம். ஐ.ஐ.டி.யின் நூலகக் கட்டடத்திற்குள் எம்மைப் போன்ற வெளியாள் எளிதிற் செல்ல இயலாது. ஆனால் இரவு ஷிப்டில் வண்டிக்குக் காத்திருக்கும் நேரத்தில், யாம் கைப்பேசியில் இந்த மின்னூலகத்தினுள் நுழைந்திருக்கின்றோம்.

எல்லாக் கதவும் இவ்வாறு திறந்துவிடவில்லை. மத்திய அமைச்சரவை 2024ஆம் ஆண்டு நவம்பர் 25ஆம் நாள், 'ஒரே நாடு ஒரே சந்தா' என்னும் திட்டத்திற்கு ஒப்புதல் அளித்தது. முப்பது பதிப்பகங்களின் ஏறத்தாழ 13,000 ஆய்விதழ்கள், 6,300க்கு மேற்பட்ட அரசு உயர்கல்வி, ஆய்வு நிறுவனங்களுக்குக் கிடைக்க, மூன்று ஆண்டுகளுக்கு 6,000 கோடி ரூபாய் ஒதுக்கப்பட்டது. 2025 சனவரி முதல் நாள் முதல் அது நடைமுறைக்கு வந்தது. சிற்றூர் அரசுக் கல்லூரி மாணவனுக்கு இது பெரும் பேறு. தனியார் கல்லூரி மாணவர்க்கு இடம் இன்றித் தொடங்கியது குறையே என்பது எமது கருத்து. நம் பிள்ளைகளிற் பாதிப்பேர் தனியார் கல்லூரிகளிலேதானே படிக்கின்றனர். அத்துணை இதழ்கள் வந்த பிறகும், வந்திருக்கின்றது என்று மாணவனிடம் சொல்வதற்கு நூலகத்தில் ஓர் ஆள் வேண்டும்.

இப்பொழுது சாவியின் கதை. எம் மகள் ஒரு மாதம் நம் சங்க நூலகத்தில் அமர்ந்து எண்ணினாள். ஒவ்வொரு நூலுக்கும் குறியெண் இட்டாள். பதிவேட்டின்படி 1,340 நூல்கள். அறையில் இருந்தவை 1,214. உறுப்பினர் எடுத்துச் சென்று திருப்பாதவை 61. மீதி 65 நூல்கள் போன இடம் பதிவேட்டில் இல்லை. பன்னிரண்டு ஆண்டுகள் பூட்டும் சாவியுமாக யாம் காத்த இலட்சணம் இது!

அறையின் மூலையில், பழைய இரயில்வே கால அட்டவணைகளின் அடியில், சணற் கயிற்றால் கட்டிய மூட்டை ஒன்று இருந்தது. அதனுள் பெரிய எழுத்தில் அச்சிட்ட தமிழ் அரிச்சுவடி மூன்று படிகள். அவற்றை மகள் எம் கையில் கொடுத்தபோது எமக்குப் பேச்சு எழவில்லை. ஆறு ஆண்டுகளுக்கு முன் பணிமனையில் ஃபிட்டராக இருந்த நம் அன்பர் ஒருவரின் மனைவி, ஐந்து வயது மகனைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தார். "அண்ணா, இவன் பள்ளிக்கூடத்தில் தமிழ் இல்லை. அ, ஆ சொல்லிக் கொடுக்க ஒரு புத்தகம் இருந்தால் கொடுங்கள்" என்றார். யாம் அலமாரியை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "இல்லையம்மா" என்றோம். அவர் இரண்டு முறை வந்தார். மூன்றாம் முறை வரவில்லை. பின்னர் அக்குடும்பம் வேறு கோட்டத்திற்கு மாற்றலாகிச் சென்றுவிட்டது. சென்ற மாதம் அந்த அன்பரோடு தொலைபேசியில் பேசினோம். பையன் இந்தியும் வங்காளமும் நன்றாகப் படிக்கிறானாம். தமிழ் பேசுவான், எழுத்துத் தெரியாது. ஒரு படியை அஞ்சலில் அனுப்பியுள்ளோம். பதினோரு வயதுப் பையனுக்கு அரிச்சுவடி!

அன்று அறையில் நூல் இருந்தது, சாவி இருந்தது, யாமும் இருந்தோம். நூலகர் இல்லை. எம் தாயார் கேட்ட கேள்விக்கு வேறு விடை எமக்குத் தெரியவில்லை, இதைச் சொன்னோம். அவர்கள் சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்படியானால் படிக்கட்டும்" என்றார்கள். மைத்துனர் இன்னும் இசையவில்லை. மேதினிப்பூரில் வித்யாசாகர் பல்கலைக் கழகத்தில் இத்துறை இருக்கின்றது; நாள்தோறும் வண்டியில் போய் வரலாம். விண்ணப்பம் எழுதி ஆயிற்று. வேலை நிரந்தரமாகக் கிடைக்குமா என்னும் அச்சம் எமக்கும் உண்டு. அதை அவளிடம் மறைக்கவில்லை.

வரும் பொதுக்குழுவில், நூலக அறையைப் பொங்கல் விழாப் பாத்திரங்கள் வைக்கும் அறையாக மாற்றலாம் என்னும் தீர்மானம் வர இருப்பதை அறிவோம். சென்ற ஆண்டு அதைக் கேட்டபோது யாமும் தலையசைத்தோம். இவ்வாண்டு எதிர்த்து வாக்களிப்போம். பாத்திரங்களுக்கு மாடிப்படியின் கீழ் இடம் இருக்கின்றது, அளந்து பார்த்துவிட்டோம்.

திருப்பாத 61 நூல்களில் நான்கு எம் வீட்டிலேயே இருந்தன என்பதை வெட்கத்தோடு ஒப்புக்கொள்கின்றோம். அவற்றைக் கொண்டு வைத்துவிட்டோம். மீதி 57. அடுத்த மாதம் முதல் ஞாயிறுதோறும் காலை பத்து மணி முதல் பன்னிரண்டு மணி வரை அறை திறந்திருக்கும். நூல்களைக் கொண்டு வாருங்கள். அபராதம் இல்லை, எந்தக் கேள்வியும் கேட்கமாட்டோம்.